உறைப்புக் கூடிப்போச்சு

அண்ணை என்னிடம் "பிள்ளை, உறைப்புக் கூடிப்போச்சு" என்று முதன்முதலாகச் சொன்னது ஓர் ஆடி மாதக் காலையில். என் சமையலுக்குக் குறை சொல்கிறார் என்று எடுத்துக்கொண்டேன். அன்று மட்டுமல்ல, மார்கழி வரைக்கும் அப்படித்தான் எடுத்துக்கொண்டேன். அவருடைய வாய்க்குள் நோய் வந்திருந்தது. அதை முதலில் அறிந்தது எங்கள் வீட்டுச் சம்பல், இரண்டாவதாக அறிந்திருக்க வேண்டியவள் நான்.

அண்ணை இப்போது இல்லை. ஊரில் கேட்டால் "வெத்திலையும் புகையிலையும் போட்ட மனுசன், வேறை என்ன நடக்கும்" என்று ஒரே மூச்சில் கதையை முடித்துவிடுவார்கள். நானும் ஓம் ஓம் என்று தலையாட்டிவிட்டு வந்துவிடுவேன். இங்கே தலையாட்டப் போவதில்லை.

நான் கலியாணம் செய்யாதவள். ஏன் என்று கேட்பவர்களுக்கு நான் வைத்திருக்கும் பதில் அச்சில் ஏறக்கூடியதல்ல. பள்ளிக்கூடத்தில் படிப்பித்துவிட்டுப் பென்ஷன் எடுத்த வருடம்தான் மச்சாள், அண்ணையின் மனைவி, காலமானா. அவர்களுடைய ஒரே மகள் கலியாணம் முடித்துக் கனடாவில். தோட்டக்காரரான அண்ணைக்குத் தண்ணீர் மோட்டாரைக் கழற்றிப் பூட்டத் தெரியும், ஒரு தேத்தண்ணீர் ஒழுங்காகப் போடத் தெரியாது. ஆகவே நான் என்னுடைய இரண்டு சூட்கேஸையும் தூக்கிக்கொண்டு அந்த வீட்டுக்குப் போனேன். ஒன்பது வருடம் சமைத்துப் போட்டேன். ஒன்பது வருடமும் அவர் கோப்பையில் ஒரு சோறு மிச்சம் வைத்ததில்லை, நல்லது என்றும் சொன்னதில்லை, கூடாது என்றும் சொன்னதில்லை. அது எனக்குப் பெருமையாக இருந்தது. அந்த வீட்டில் எனக்கிருந்த உரிமை அந்தக் குசினிதான்.

சம்பலைப் பற்றிச் சொல்லாவிட்டால் சண்டை விளங்காது. எங்கள் தோட்டத்தில் மிளகாயும் வெங்காயமும் மாறி மாறி வைப்பார்கள். சித்திரைக்குப் பிறகு மிளகாய் பழுக்கத் தொடங்கினால் ஆவணி வரைக்கும் ஆய்வார்கள், பறிப்பதைத்தான் சொல்கிறேன். ஆய்ந்த பழத்தில் பெரும்பங்கு காய்ந்து செத்தல் மிளகாயாகி எங்கள் பக்கத்துத் திருநெல்வேலிச் சந்தைக்குப் போகும். ஒவ்வொரு ஆய்விலும் இரண்டு கை பழம் குசினிக்கு வரும். அதில் அரைப்பதுதான் மிளகாய்ப்பழச் சம்பல். செத்தலில் இடிக்கிற கட்டைச் சம்பல் வேறு. அது வருடம் முழுக்கக் கிடைக்கும், எல்லா வீட்டிலும் ஒரே மாதிரி இருக்கும். பழத்தில் அரைப்பது அந்த மூன்று நான்கு மாதத்துக்குத்தான், அதற்கு ஒரு கை வேண்டும்.

பழத்தைக் காம்போடு கழுவ வேண்டும். காம்பைக் கிள்ளிவிட்டுக் கழுவினால் தண்ணீர் உள்ளே போய் மறுநாளே சம்பல் புளித்துவிடும். கழுவியதை ஒரு பழைய துணியில் பரப்பித் துடைத்து, காற்றுப்பட விட்டுவிட்டு, அதற்குள் உள்ளிப்பூண்டையும் சின்ன வெங்காயத்தையும் உரித்துக்கொள்ளலாம். கைக்கு நல்லெண்ணெய் பூசாமல் அம்மியில் இருக்கக்கூடாது. நான் இரண்டு தரம் அப்படி இருந்து, பின்னேரம் வரைக்கும் கையைத் தயிருக்குள் வைத்துக்கொண்டு இருந்திருக்கிறேன். முதலில் கல்லுப்பு, அதன்மேல் பழம். குழவியால் குத்தி உடைத்துவிட்டுத்தான் இழுக்க வேண்டும். எடுத்தவுடன் இழுத்தால் தோல் வழுக்கிக்கொண்டு நிலத்துக்குப் போகும். விதை நொறுங்கும் சத்தம் நின்றதும் உள்ளி. கடைசியில்தான் வெங்காயம், அதுவும் நசிந்தால் போதும், பசையாகக் கூடாது. வழித்துச் சட்டியில் போட்டபிறகு தேசிக்காய் பிழிந்து கையால் ஒரு கலக்கு. கரண்டியால் எடுத்தால் மெல்ல வழிய வேண்டும். மருமகள், அதுதான் அண்ணையின் மகள், கனடாவிலிருந்து காசு அனுப்பி வாங்கித் தந்த பிளெண்டர் ஒன்று அலுமாரிக்குள் இருந்தது. அதில் ஒருநாள் அடித்துப் பார்த்தேன். நுரை பொங்கிக்கொண்டு வந்தது. அதன்பிறகு அதை அலுமாரியிலேயே விட்டுவிட்டேன்.

புட்டுக்கும் அதுதான், தோசைக்கும் அதுதான், பாணுக்கும் அதுதான். அண்ணை ஒரு அகப்பை சம்பலைக் கோப்பையின் நடுவில் வைத்து, அதைச் சுற்றித்தான் மற்றதை வைப்பார். மூக்கால் தண்ணீர் ஓடும். சால்வையால் துடைத்துக்கொண்டு, "பிள்ளை, நீ படிப்பிச்ச பிள்ளையளிலை எத்தினை பேர் உயிரோடை இருக்குதுகள்?" என்று கேட்பார். அவருடைய பகிடி எல்லாம் அந்தத் தரத்தில்தான்.

அந்த ஆடி மாதத்துக்குச் சற்று முன்னர் அவர் கொழும்புக்கு ஒரு கலியாண வீட்டுக்குப் போய் நாலு நாள் நின்றுவிட்டு வந்திருந்தார். ஆகவே "உறைப்புக் கூடிப்போச்சு" என்று சொன்னதும் எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. கொழும்புச் சாப்பாடு நாலு நாளில் நாக்கை மாற்றிவிட்டதோ என்று கேட்டேன். அவரும் சிரித்துக்கொண்டு, நாக்குக்கு வயது போகுதோ தெரியவில்லை என்றார். சம்பலைக் கோப்பையின் ஓரத்துக்குத் தள்ளிவிட்டுப் புட்டைக் குழம்போடு சாப்பிட்டார். அன்று அவ்வளவுதான்.

ஒரு கிழமை கழித்துத் திரும்பவும் சொன்னார். நான் பழத்தைக் கொஞ்சம் குறைத்து வெங்காயத்தைக் கூட்டினேன். அதற்கும் சொன்னார். அப்போதுதான் எனக்குச் சுருக்கென்றது. மச்சாள் உறைப்புக் குறைவாகச் சமைப்பவ. அவ வீட்டாரே அப்படி. தேங்காய்ப்பாலை ஊற்றி ஊற்றி எல்லாவற்றையும் வெள்ளையாக்கிவிடுவா. ஒன்பது வருடம் கழித்து இந்த மனுசனுக்குப் பெண்சாதியின் கை நினைவுக்கு வந்துவிட்டது, நான் இவ்வளவு காலமும் கிடந்து வெந்தது வீண் என்று மனம் ஒரே பிடியாகப் பிடித்துக்கொண்டது. எனக்கு ஒரு எண்ணம் விழுந்துவிட்டால் அதைக் கிண்டியெடுக்க இரும்பு அலவாங்குதான் வேண்டும்.

"மச்சாளின்ரை கை எனக்கு வராது அண்ணை. நான் என்ன செய்யிறது?" என்றேன்.

அவர் நிமிர்ந்து பார்த்தார். செத்த மனுசியை இழுத்தது பிழை என்று எனக்கு அந்த இடத்திலேயே தெரியும். தெரிந்தும் அடுப்பைப் பார்த்துத் திரும்பிவிட்டேன்.

அடுத்து நான் செய்ததைத்தான் எழுதக் கை வரவில்லை. இரண்டு நாள் கழித்து வந்த ஆய்வில் நல்ல சிவந்த, குட்டையான பழங்களாகத் தெரிந்தெடுத்தேன். குட்டைப் பழம்தான் கூட உறைக்கும். வழமையாகப் போடுவதைப்போல் இரண்டு மடங்கு போட்டு, வெங்காயத்தைப் பேருக்கு இரண்டு போட்டு அரைத்தேன். கோபத்தில் அரைத்தால் சம்பல் வடிவாக வரும், அதையும் சொல்லவேண்டும். தோசையோடு கொண்டுபோய் வைத்துவிட்டு எதிரில் கதிரையை இழுத்துப்போட்டு இருந்தேன். அவர் ஒரு வாய் வைத்தார். என்னைப் பார்த்தார். நான் வேண்டுமென்று செய்தது அவருக்கு விளங்கிவிட்டது. பிறகு முழுவதையும் சாப்பிட்டார். கண்ணால் தண்ணீர் கொட்டியது, இடையில் இரண்டு தரம் கன்னத்தைக் கையால் பொத்திக்கொண்டார். கோப்பையை வழித்துத் துடைத்துவிட்டு எழும்பிக் கிணற்றடிக்குப் போனார். வாளி வாளியாக அள்ளி வாயைக் கொப்பளிக்கிற சத்தம் குசினிக்குள் கேட்டது. எனக்குச் சந்தோசமாக இருந்தது. கடவுளே, எனக்குச் சந்தோசமாக இருந்தது.

அன்றைக்குப் பிறகு அவர் உறைப்பைப் பற்றி வாய் திறக்கவில்லை. நான் வென்றுவிட்டேன் என்று நினைத்தேன்.

ஆவணியில் ஒருநாள் நான் கோயிலுக்குப் போய்விட்டு வர, அண்ணை அம்மியில் இருந்தார். எங்கள் ஊரில் அந்த வயது ஆம்பிளை அம்மியில் இருப்பதை நான் அதற்குமுன் கண்டதில்லை. காலைத் தவறான பக்கம் மடித்துக்கொண்டு, குழவியை அலவாங்கைப் பிடிப்பதுபோலப் பிடித்துக்கொண்டு இருந்தார். ஒரேயொரு பழம், ஒரு பாதித் தேங்காயின் துருவிய பூ. அது சம்பலுமில்லை, ஒன்றுமில்லை, இளஞ்சிவப்பாக ஒரு சாமான். நான் வாசலில் நின்று சிரித்தேன். பக்கத்து வீட்டு மனுசியைக் கூப்பிட்டுக் காட்டியும் விட்டேன். அவவும் சிரித்துவிட்டு, வயது போனால் ஆம்பிளையள் இப்படித்தான், கவனிக்காதேங்கோ ரீச்சர் என்றா. கொஞ்சநேரத்தால் கோப்பையைக் கழுவப் போனபோது பார்த்தேன், வாழையடியில் அந்தச் சாமான் முழுவதும் கொட்டிக் கிடந்தது. ஒரு தேங்காயின் பாதியை வீணாக்கிவிட்டாரே என்றுதான் எனக்கு எரிச்சல் வந்தது. ஒரு பழம் போட்டதையே இவரால் தின்ன முடியவில்லையே, ஏன் என்று ஒரு கணம் நின்று யோசித்திருந்தால். யோசிக்கவில்லை. முப்பத்தெட்டு வருடம் பிள்ளைகளின் முகத்தைப் பார்த்துச் சுகமில்லை என்று கண்டுபிடித்து வீட்டுக்கு அனுப்பியவள் நான்.

மழை வந்தது, மிளகாய் முடிந்தது. அண்ணை புட்டைச் சீனியும் வாழைப்பழமும் போட்டுச் சாப்பிடத் தொடங்கினார். பாணைத் தேத்தண்ணீரில் தோய்த்தார். சோற்றைத் தயிரில் பிசைந்து, ஒரு கோப்பைச் சோற்றுக்கு அரை மணித்தியாலம் எடுத்தார். முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டு இருக்கிறார், இருக்கட்டும், எத்தனை நாளைக்கு என்று பார்ப்போம் என்று நானும் முகத்தைத் தூக்கிவைத்துக்கொண்டேன். ஒரே வீட்டுக்குள் இரண்டு கிழடுகள். சட்டை தளர்ந்ததைக் கண்டேன். மழைக்குள் தோட்டத்தில் அலைகிறார், அதுதான் என்று சொல்லிக்கொண்டேன்.

மார்கழியில் ஒரு மத்தியானம் அவர் விறாந்தையில் இருந்து வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தார். நான் உழுந்து புடைத்துக்கொண்டிருந்தேன். வெற்றிலையை மடித்து வாய்க்குக் கொண்டுபோனவர், அது உள்ளே போகாமல், பிரித்து, கிழித்து, துண்டு துண்டாக விரலால் உள்ளே தள்ளினார். குழந்தைக்குக் குளிசை கொடுப்பதைப்போலத் தள்ளினார். சுளகைக் கீழே வைத்துவிட்டுப் போய் வாயைத் திறவுங்கோ என்றேன். ஏன் என்றார். திறவுங்கோ என்று சத்தம் போட்டேன். திறந்தார். ஒரு விரல் போகிற அளவுக்குத்தான் திறந்தது. சொண்டை விலக்கி டோர்ச் அடித்துப் பார்த்தேன். கன்னத்தின் உட்பக்கம் வெள்ளை வெள்ளையாக இருந்தது, நடுவில் ஒரு புண், அதன் ஓரம் தடித்துப்போய் இருந்தது. மணமும் வந்தது. நோகுதோ என்று கேட்டேன். இப்ப நோகாது, உறைப்புப் பட்டால் மட்டும் நெருப்பு என்றார்.

அடுத்த நாள் விடிய ஓட்டோ பிடித்துக்கொண்டு பெரியாஸ்பத்திரிக்குப் போனோம். வரிசையில் இருந்து உள்ளே போக மத்தியானமாகிவிட்டது. பார்த்தது ஒரு பெண் டொக்டர், முப்பது வயதுகூட இருக்காது. அண்ணையின் வாய்க்குள் கனநேரம் பார்த்தா. சதையில் ஒரு துண்டு எடுத்து அனுப்ப வேண்டும் என்றா. கழுத்தைத் தடவிப் பார்த்தா. பிறகு பேனையை எடுத்துக்கொண்டு கேட்டா:

"உறைப்புச் சாப்பிடேக்கை எரியத் தொடங்கி எவ்வளவு காலம் ஐயா?"

அண்ணை என்னைப் பார்க்கவில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு, "ஒரு மாசம் வரும்," என்றார்.

டொக்டர் அதை எழுதினா. நான் பக்கத்தில் நிற்கிறேன். ஆடி, ஆவணி, புரட்டாதி, ஐப்பசி, கார்த்திகை, மார்கழி என்று எனக்குள் ஓடுகிறது. முதல் நாள் என்ன குழம்பு வைத்தேன் என்பதுகூட நினைவிருக்கிறது, ஏனென்றால் சண்டை பிடித்தவளுக்குத் திகதி மறக்காது. ஆனாலும் அதைத் திருத்தாமல் நின்றேன். டொக்டர் எழுதித் தந்த துண்டை வாங்கிக்கொண்டு வெளியே வந்தோம்.

நடைபாதையில் வைத்து, ஏன் பொய் சொன்னனீங்கள் என்று கேட்டேன். ஆட்கள் திரும்பிப் பார்க்கிற சத்தத்தில்தான் கேட்டேன்.

"எல்லாத்தையும் சொன்னா அந்த டொக்டர்ப் பிள்ளை உன்னை ஏசும்," என்றார். "நீ வீட்டை வந்து அழுதுகொண்டிருப்பாய்."

அவரை மர வாங்கில் இருத்திவிட்டு நான் திரும்பிப் போனேன். வரிசையில் நின்றவர்கள் சத்தம் போட்டார்கள், தாதி மறித்தா. நான் யாரையும் கவனிக்கவில்லை. உள்ளே போய், ஒரு மாதமில்லை, ஆடி மாதத்திலிருந்து, எனக்குத்தான் அவர் சொன்னவர், நான்தான் கேட்கவில்லை என்று சொன்னேன். டொக்டர் என்னை ஏசவில்லை. ஏசியிருக்கலாம். முன்னர் எழுதியதை வெட்டிவிட்டுத் திருத்தி எழுதினா. அப்போதே வந்திருந்தால் என்று கேட்டேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, அப்போது சின்னதாக வெட்டி எடுத்திருக்கலாம், இப்ப கழுத்திலும் இருக்கிற மாதிரித் தெரியுது, எல்லாம் பார்த்துத்தான் சொல்லவேணும் அம்மா என்றா. மெதுவாகத்தான் சொன்னா.

டொக்டரிடம் சொல்ல முடிந்தது. மருமகளிடம் முடியவில்லை. அவள் அன்று பின்னேரமே வீடியோவில் வந்தாள். அழுதழுது, அப்பா முந்தி உங்களிட்டை ஒண்டும் சொல்லேல்லையோ மாமி என்று கேட்டாள். தாயில்லாத பிள்ளை, தகப்பனை என்னை நம்பி விட்டுவிட்டு இருக்கிறவள். "ஒண்டும் சொல்லேல்லை பிள்ளை" என்றேன். அண்ணை பக்கத்துக் கதிரையில்தான் இருந்தார். அவரும் ஓமென்று தலையாட்டினார். அவள் கொஞ்சநேரம் ஒன்றும் பேசாமல் இருந்தாள். நெட்வொர்க் பிடிக்கவில்லை என்று நினைத்தேன்.

அதற்குப் பிறகு நடந்ததெல்லாம் இந்த நோய் வந்த எல்லா வீட்டிலும் நடப்பதுதான். வெட்ட முடியாது என்றார்கள். கதிர்ச் சிகிச்சைக்குக் கிழமையில் ஐந்து நாள் கூட்டிக்கொண்டு போனேன். கழுத்துத் தோல் கறுத்து உரிந்தது. வாயால் ஒன்றும் இறங்காமல் போக, மூக்கால் ஒரு குழாய் போட்டார்கள். பிளெண்டரை அலுமாரியிலிருந்து எடுத்துக் கழுவினேன். சோறு, பருப்பு, கரட், எல்லாவற்றையும் அவித்து, அடித்து, வடித்து, சிரிஞ்சியால் குழாய்க்குள் விட்டேன். உப்புப் போட்டேனா இல்லையா என்பதுகூட அவருக்குத் தெரியாது. பேச்சுக் குளறத் தொடங்கிய பிறகு நான் ஒரு கொப்பி வாங்கிக் கொடுத்தேன், அதில் எழுதிக் காட்டுவார். முதல் பக்கத்தில் எழுதியது மோட்டாருக்கு எண்ணெய் விடச் சொல்லி.

அந்த நாட்களில் நான் உறைப்பைத் தொடவில்லை. விரதம் ஒன்றுமில்லை. சட்டியில் செத்தல் மிளகாயைப் போட்டால் மணம் அவருக்குப் போகும், அதுதான் ஒரு காரணம். மற்றதை அவர் கண்டுபிடித்துவிட்டார். வைகாசியில் தோட்டத்தைக் குத்தகைக்கு எடுத்த பெடியன்மார் முதல் ஆய்வுப் பழத்தில் ஒரு பை கொண்டுவந்து வைத்துவிட்டுப் போயிருந்தார்கள். அண்ணை பையைப் பார்த்தார். கொப்பியை எடுத்து எழுதினார்: "சம்பல் அரை. என்ரை முன்னாலை இருந்து சாப்பிடு."

மாட்டேன் என்றேன். பேனையால் அந்த வரியின் கீழ் ஒரு கோடு போட்டார். இன்னொரு கோடு போட்டார். தாள் கிழிந்தது. நான் பழத்தைக் கழுவி அரைத்தேன். அம்மி மாதக்கணக்காகப் படுத்திருந்தது, கழுவவே அரை மணித்தியாலம் சென்றது. இரண்டு துண்டுப் பாணோடு கொண்டுபோய் அவருடைய கட்டிலுக்குப் பக்கத்தில் கதிரையைப் போட்டு இருந்தேன். அவர் தலையணையில் நிமிர்ந்து இருந்துகொண்டு பார்த்தார். மூக்குக்குள் குழாய், ஆனாலும் மணத்தை இழுத்தார். முதல் வாய் வைத்ததும் எனக்குக் கண்ணால் தண்ணீர் வந்துவிட்டது. எனக்கும் பழக்கம் விட்டுப்போயிருந்தது. அவர் கொப்பியை எடுத்தார்.

"உறைக்குதோ?" என்று எழுதிக் காட்டினார்.

எங்கள் ஊரில் அந்தச் சொல்லுக்கு இரண்டு பக்கம். மிளகாயும் உறைக்கும், ஒருவன் செய்த பிழை அவனுக்கே விளங்கினால் அதுவும் உறைக்கும். பிழை செய்துவிட்டு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிகிறவனை, உனக்கு உறைக்கேல்லையோ என்றுதான் கேட்பார்கள். அண்ணை எதைக் கேட்டார் என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. கண்ணில் பழைய பகிடிக்காரச் சிரிப்பு இருந்தது, அதை மட்டும் கண்டேன். "ஓம் அண்ணை, நல்லா உறைக்குது" என்றேன். அவர் கையை நீட்டி என் கன்னத்தைத் துடைத்துவிட்டுக் கோப்பையைக் காட்டினார், முடி என்று. நான் முடித்தேன்.

ஆவணி பிறந்து நாலாம் நாள் அண்ணை போய்விட்டார். மருமகள் வரும்வரைக்கும் இரண்டு நாள் வைத்திருந்தோம். அவள் வந்து தகப்பனின் முகத்தைப் பார்த்தாள். புண் தின்று கன்னம் ஒருபக்கம் இல்லாத முகம்.

எட்டாம் நாள் எட்டுச் செலவு. செத்தவருக்கு விருப்பமான சாப்பாடு எல்லாம் சமைத்து, தலைவாழை இலையில் அவருடைய படத்துக்கு முன்னால் படைக்கிற நாள். விடியவே இனசனம் வந்து கத்தரிக்காய் வெட்டவும் தேங்காய் துருவவும் தொடங்கிவிட்டார்கள். மருமகள் குளித்துவிட்டுக் குசினிக்குள் வந்தாள். குத்தகைக்காரப் பெடியன்மார் கொண்டுவந்து வைத்த மிளகாய்ப்பழம் ஒரு பெட்டி நிறைய இருந்தது. அதில் ஒரு கை அள்ளிக்கொண்டு, மாமி, அப்பாக்கு நீங்கள் அரைக்கிற சம்பல் எண்டால் உயிர், அதை முதல் அரையுங்கோ என்றாள்.

நான் அவளைக் கையில் பிடித்துக் கிணற்றடிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அங்கே வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். ஆடி மாதம் அவர் சொன்னதை, மச்சாளை இழுத்ததை, குட்டைப் பழமாகத் தெரிந்து அரைத்ததை, அவர் கன்னத்தைப் பொத்திக்கொண்டு தின்றதை, வாழையடியில் கொட்டிக் கிடந்ததை. உன்னட்டைப் பொய் சொன்னனான் பிள்ளை என்றேன். அவள் இனி என் முகத்தில் முழிக்கமாட்டாள், இன்றைக்கே ஹோட்டலுக்குப் போய்விடுவாள் என்று நினைத்துக்கொண்டுதான் சொன்னேன். போனால் போகட்டும், அது எனக்கு வேண்டும் என்றும் நினைத்தேன்.

அவள் கிணற்றுக்கட்டில் இருந்துவிட்டாள். கையிலிருந்த பழம் எல்லாம் கீழே விழுந்தது.

"எனக்கும் சொன்னவர் மாமி," என்றாள். "போன வருசம் ஆடியிலை. வாய் எரியுது, சம்பல் தின்ன ஏலாமல் கிடக்கு எண்டு. நான்தான் சொன்னனான், மாமியை உறைப்பைக் குறைக்கச் சொல்லுங்கோ எண்டு."

அன்று வீடியோவில் அவள் பேசாமல் இருந்தது நெட்வொர்க்கால் இல்லை. தகப்பன் எனக்கு ஒன்றும் சொல்லவில்லை என்று நான் சொன்னதும், அப்படியானால் தனக்கு மட்டும்தான் சொல்லியிருக்கிறார் என்று அவள் நினைத்துவிட்டாள். மார்கழியிலிருந்து ஆவணி வரைக்கும் அந்தப் பிள்ளை அதைத் தனியாகச் சுமந்திருக்கிறாள். என்னுடைய பொய்யால்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும், சொல்லாமல் விட்டால் இவ்வளவும் எழுதிப் பிரயோசனமில்லை. அவள் சொன்னதைக் கேட்ட கணத்தில் எனக்கு ஒரு ஆறுதல் வந்தது. நான் மட்டுமில்லை, இன்னொரு ஆளும் இருக்கிறது என்று. ஒரு கணம்தான். பிறகு அவளுடைய முகத்தைப் பார்த்தேன். மச்சாளின் நாடி, அண்ணையின் கண். எனக்கு என்மேலேயே அருவருப்பு வந்தது.

அவளுக்குப் பக்கத்தில் இருந்துகொண்டு, "நீ போனிலை கேட்டனி," என்றேன். "நான் முன்னாலை கதிரையைப் போட்டு இருந்து பாத்தனான். ரெண்டும் ஒண்டில்லை. உன்ரை பங்கை இஞ்சை விட்டிட்டுப் போ."

அவள் இல்லை மாமி, இல்லை மாமி என்று என் மடியில் முகத்தை வைத்துக்கொண்டு அழுதாள். நான் அவளுடைய தலையைத் தடவ மறந்து, சிதறிக் கிடந்த பழங்களைப் பார்த்துக்கொண்டு இருந்தேன். உள்ளேயிருந்து யாரோ எங்களைக் கூப்பிட்டார்கள். எழும்பி, முகத்தைக் கழுவிக்கொண்டு போனோம்.

மத்தியானம் படையல். புட்டு, கத்தரிக்காய்க் குழம்பு, முருங்கைக்காய்ப் பால்கறி, வடை, வாழைப்பழம், அவருக்கு விருப்பமான அந்த மஞ்சள் நிற பிஸ்கற்கூட வைத்தார்கள். பெரியப்பாவின் மகன், எங்கள் எல்லாருக்கும் மூத்தவர், முன்னுக்கு நின்று எல்லாவற்றையும் சரிபார்த்தார். ஒரு சுருள் வெற்றிலையும் புகையிலையும் வைக்கப் போனார். மருமகள் அதைக் கையிலிருந்து வாங்கித் தூரக் கொண்டுபோனாள். அவர் முகத்தைச் சுருக்கிவிட்டு, இலையைத் திரும்பவும் ஒருதரம் பார்த்தார்.

"எங்கை பிள்ளை சம்பல்?" என்று என்னிடம் கேட்டார். "அவன் அது இல்லாமல் ஒரு வாய் வைக்கமாட்டானே. பழமும் கிடக்கு, அரைச்சுக்கொண்டு வா, நாங்கள் நிக்கிறம்."

எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

"வேண்டாம்," என்றேன். "அண்ணைக்கு வாய் எரியுது."